டெல்டாவில் ஏன் ஒரு மோகன் பகான் இல்லை?

கும்பகோணத்திலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார்: "கொல்கத்தாவில் மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால். ஸ்பெயினில் பார்சிலோனா. அங்கெல்லாம் கால்பந்து அணி என்றால் அந்த மண்ணின் மானம். நம் காவிரி டெல்டாவில் மட்டும் ஏன் அப்படி ஒன்று இல்லை? நம் பையன்கள் மெஸ்ஸிக்கு பிளெக்ஸ் கட்டுகிறார்கள், கேரளா பிளாஸ்டர்ஸ் மஞ்சள் சட்டையைப் போட்டுக்கொண்டு திரிகிறார்கள். இது துரோகம் மாதிரி இல்லையா? நமக்கு மண்பற்று குறைவா?"

கேள்வி கால்பந்தில் தொடங்கினாலும் அவர் மனதை அறுப்பது கடைசி வரிதான். நான் தஞ்சாவூர், திருவாரூர் மாவட்ட அரசுப் பள்ளிகளில் உடற்கல்வி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன். கபடிக்கும் கால்பந்துக்கும் நடுவராக நின்றிருக்கிறேன். பற்று குறைவு என்று சொன்னால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். நம் பக்கத்துப் பற்று வேறொரு இடத்தில், வேறொரு அளவில் நிற்கிறது. அதைக் காட்ட முதலில் கொல்கத்தாவுக்குப் போய்விட்டு வர வேண்டும்.

மோகன் பகான் 1889-ல் தொடங்கிய கிளப். 1911-ல் ஐ.எஃப்.ஏ. ஷீல்டு இறுதி ஆட்டத்தில் ஈஸ்ட் யார்க்ஷயர் ரெஜிமெண்ட் என்ற வெள்ளைக்கார ராணுவ அணியை 2-1 என்று ஜெயித்தது. மோகன் பகானின் பதினொரு பேரில் ஒருவர்தான் பூட்ஸ் போட்டிருந்தார், மற்றவர்களுக்கு வெறுங்கால். 1905-ல் வைஸ்ராய் கர்சன் வங்காளத்தை இரண்டாக வெட்டியிருந்த காலம் அது. தெருவில் கூட்டம் போட்டால் தடியடி, மைதானத்தில் ராணுவத்துக்கு எதிராகக் கோல் போட்டால் கைதட்டல். அந்த வித்தியாசம் ஜனங்களுக்கு உடனே புரிந்தது.

ஈஸ்ட் பெங்கால் பிறந்த கதை இன்னும் சுவாரசியம். 1920 ஜூலை கடைசியில் ஜோராபாகன் என்ற அணி மோகன் பகானோடு ஆட இறங்கியது. கிழக்கு வங்காளத்தைச் சேர்ந்த சைலேஷ் போஸ் என்ற ஆட்டக்காரரை வெளியே உட்கார வைத்துவிட்டார்கள். கிளப்பின் துணைத்தலைவராக இருந்த சுரேஷ் சந்திர சௌத்ரியும் அதே கிழக்குப் பக்கத்துக்காரர். எவ்வளவோ சொல்லிப் பார்த்தார், கேட்கவில்லை. வெளியே வந்தார். சில நாளில் புது கிளப். நம் ஊர் டீம் உடைகிற அதே விதம்தான், கவனியுங்கள். "எங்க பையனை ஏன் இறக்கல?" என்ற சண்டைதான் ஆரம்பம்.

அதை ஒரு ஜனத்தின் அடையாளமாக மாற்றியது 1947. கிழக்கிலிருந்து லட்சக்கணக்கில் அகதிகள் கொல்கத்தாவுக்கு வந்தார்கள். வீடும் வயலும் குளமும் எல்லைக்கு அந்தப் பக்கம் போய்விட்டன. உள்ளூர்க்காரர்கள் அவர்களைப் பாங்கால் என்று கேலி செய்தார்கள், அவர்கள் உள்ளூர்க்காரர்களைக் கோட்டி என்றார்கள். விட்டு வந்த ஊரின் பெயரை வாய்விட்டுக் கத்த அவர்களுக்குக் கிடைத்த இடம் ஈஸ்ட் பெங்கால் மைதானம். ஈஸ்ட் பெங்கால் ஜெயித்தால் வீட்டில் இலிஷ் மீன், மோகன் பகான் ஜெயித்தால் இறால் என்ற வழக்கம் அப்படி வந்ததுதான்.

ஆனால் அந்த அகதிகளின் அணிக்குக் கோல் போட்டது யார் என்று பார்த்தால் ஆச்சரியமாக இருக்கும். 1949-ஐ ஒட்டிய ஆண்டுகளில் ஈஸ்ட் பெங்கால் முன்வரிசையில் ஆடிய ஐவரைப் பஞ்ச பாண்டவர் என்பார்கள்: அப்பா ராவ், வெங்கடேஷ், தன்ராஜ், அகமது கான், சாலே. ஐந்து பேருமே தென்னாட்டிலிருந்து போனவர்கள். 2023 ஆகஸ்டில் டூரண்ட் கோப்பை ஆட்டத்தில் ஈஸ்ட் பெங்கால் நாலரை ஆண்டுக்குப் பிறகு மோகன் பகானை 1-0 என்று ஜெயித்தபோது அந்த ஒரு கோலைப் போட்டவர் நம் சென்னைக்காரர் நந்தகுமார் சேகர். கேலரியில் அழுதவர்கள் யாரும் அவர் எந்த ஊர் என்று கேட்கவில்லை. அங்கே அடையாளம் கேலரியில் இருக்கிறது. இதற்கு நேர் எதிர் ஸ்பெயினில் உள்ள அத்லெடிக் பில்பாவ். பாஸ்க் பகுதியில் பிறந்தவர்கள் அல்லது அங்கே ஆடி வளர்ந்தவர்கள் மட்டுமே அந்த அணிக்கு ஆடலாம் என்று நூறு ஆண்டுக்கும் மேலாக வைத்திருக்கிறார்கள். அங்கே அடையாளம் ஆட்டக்காரனின் உடம்பிலேயே இருக்க வேண்டும். இரண்டு வழியிலும் கிளப் நிலைத்திருக்கிறது. அதனால் "வெளி ஆளை வைத்து ஆடினால் அது ஊர் அணியே இல்லை" என்ற வாதத்தை நான் முழுதாக ஏற்பதில்லை.

ஆனால் பெயரில் கை வைத்தால் கதையே வேறு. 2020-ல் ஏ.டி.கே. என்ற அணியோடு மோகன் பகானை இணைத்து, பெயருக்கு முன்னால் அந்த மூன்று எழுத்தைச் சேர்த்தார்கள். அதே ஆட்டம், அதே பச்சை-அரக்குச் சட்டை, ஒரு கோப்பையும் வந்தது. ரசிகர்கள் விடவில்லை. அந்த மூன்று எழுத்தை எடு என்று ஆண்டுக்கணக்கில் பேனர் பிடித்தார்கள். 2023-ல் எடுத்தார்கள்.

பார்சிலோனாவைப் பற்றி நம் பக்கம் சொல்லப்படுவதில் உறுதியானதும் ஊதிப் பெருக்கியதும் கலந்திருக்கின்றன, பிரித்துச் சொல்கிறேன். 1925 ஜூனில் ஒரு ஆட்டத்தில் ஸ்பெயினின் அரச கீதம் ஒலித்தபோது கூட்டம் கூச்சல் போட்டதற்காக மைதானத்தை ஆறு மாதம் மூட உத்தரவிட்டார்கள். இது உறுதி. 1936-ல் கிளப் தலைவர் ஜோசப் சுன்யோலை, பின்னால் ஸ்பெயினின் சர்வாதிகாரியான ஃபிராங்கோவின் படையினர் சுட்டுக் கொன்றார்கள். இதுவும் உறுதி. ஃபிராங்கோ ஆட்சியில் பார்சிலோனா பகுதியின் கத்தலான் மொழிக்குப் பள்ளியிலும் அலுவலகத்திலும் இடமில்லாமல் போனபோது, கூட்டத்தோடு கூட்டமாக அந்த மொழியில் பேச மைதானம் ஒரு இடமாக இருந்தது. 1943-ல் ரியல் மாட்ரிட் பார்சிலோனாவை 11-1 என்று அடித்ததும் நடந்ததுதான். ஆனால் அன்றைக்குப் பாதுகாப்பு அதிகாரி ஒருவர் டிரெஸ்ஸிங் ரூமுக்கே வந்து மிரட்டினார் என்ற பகுதி சர்ச்சைக்குரியது, அதை நடந்த உண்மையாக எடுத்துக்கொள்ளாதீர்கள். "ரியல் மாட்ரிட் ஃபிராங்கோவின் அணி" என்ற ஒற்றை வரியும் அப்படித்தான். அந்த கிளப்பின் தலைவராக இருந்த ரஃபேல் சான்செஸ் கெர்ரா குடியரசுக் கட்சிக்காரர், ஃபிராங்கோ அவரைச் சிறையில் போட்டார். எதிரியின் கதையை நாமாக எளிமையாக்கிக் கொள்வதும் இந்தப் பற்றின் ஒரு குணம்.

இவற்றையெல்லாம் சேர்த்துப் பார்த்து நான் எடுத்துக்கொண்ட முடிவு இது: தன்னைத் தனி என்று ஏற்கெனவே நினைக்கிற ஒரு ஜனம், அதைச் சொல்ல வேறு மேடை இல்லாமல் தவிக்கும்போது மைதானத்தைப் பிடித்துக்கொள்கிறது. விளையாட்டு அந்த உணர்வை உண்டாக்குவதில்லை, அதற்குக் குரல் கொடுக்கிறது. இதை அறிவியல் மாதிரி நிரூபிக்க முடியாது. ஆனால் டெல்டாவில் வைத்துச் சோதித்துப் பார்க்க ஒரு நல்ல சந்தர்ப்பம் 2018-ல் வந்தது.

அந்த ஆண்டு பிப்ரவரி 16-ல் காவிரி வழக்கில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. நடுவர் மன்றம் தமிழ்நாட்டுக்குச் சொன்ன 192 டி.எம்.சி. 177.25 ஆகக் குறைந்தது. மேலாண்மை வாரியம் அமைக்க ஆறு வாரக் கெடு ஓடிக்கொண்டிருந்தது. சரியாக அந்த நடுவில், மார்ச் 17 அன்று, ஐ.எஸ்.எல். கால்பந்து இறுதி ஆட்டம் பெங்களூரு கண்டீரவா மைதானத்தில். ஒரு பக்கம் பெங்களூரு எஃப்சி, இன்னொரு பக்கம் சென்னையின் எஃப்சி. முதல் கோலை சுனில் சேத்ரி போட்டார். பிறகு சென்னை 3-2 என்று, அவர்கள் ஊரிலேயே, கோப்பையைத் தூக்கியது. காகிதத்தில் பார்த்தால் டெல்டா முழுக்கப் பட்டாசு வெடித்திருக்க வேண்டிய ராத்திரி. நான் இருந்த மன்னார்குடிப் பக்கத்தில் ஒரு சத்தமும் கேட்கவில்லை. மறுநாள் டீக்கடையில் பேச்சு தீர்ப்பைப் பற்றித்தான்.

அப்புறம் ஏப்ரல் 10. இரண்டு ஆண்டுத் தடை முடிந்து சென்னை சூப்பர் கிங்ஸ் சேப்பாக்கத்துக்குத் திரும்பிய முதல் ஆட்டம். வெளியே காவிரிக்காகப் போராட்டம், உள்ளே மைதானத்தில் செருப்பு விழுந்தது. மீதி உள்ளூர் ஆட்டங்களைப் புனேவுக்கு மாற்றினார்கள். ரசிகர்கள் தனி ரயிலில் புனே போனார்கள். இங்கே டெல்டாவில் என்னிடம் படித்த பையன்களே இரண்டாகப் பிரிந்து நின்றார்கள். "தண்ணிக்கு முன்னாடி கிரிக்கெட்டு எதுக்கு?" என்று ஒரு கூட்டம், "தோனி என்ன பண்ணினாரு?" என்று ஒரு கூட்டம். பல வீடுகளில் ஒரே பையன் இரண்டையும் சொன்னான். அவனைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இதிலிருந்து எனக்குப் புரிந்தது, டெல்டா என்கிற பெரிய அடையாளத்துக்கு மேடை ஏற்கெனவே இருக்கிறது. ஜூன் 12 மேட்டூர் திறக்குமா, கடைமடைக்குத் தண்ணீர் வருமா, நெல் கொள்முதல் நிலையத்தில் மூட்டை நனைகிறதா என்பதில் தஞ்சாவூரும் திருவாரூரும் நாகப்பட்டினமும் மயிலாடுதுறையும் ஒரே குரலில் பேசும். ரயில் மறியல் செய்வார்கள், ஆற்றில் இறங்கி நிற்பார்கள். பார்சிலோனாக்காரன் மைதானத்தில் மட்டும் சொல்ல முடிந்ததை இவர்கள் கலெக்டர் ஆபீஸ் வாசலிலேயே சொல்லிவிடுகிறார்கள். அதைச் சுமக்க ஒரு கால்பந்து அணி தேவைப்படவில்லை.

விளையாட்டில் வருகிற பற்று நம் பக்கம் அதைவிடச் சின்ன வட்டத்தில் இருக்கிறது. அது ஊர். வடுவூர், ஒரத்தநாடு, பேராவூரணி, பட்டுக்கோட்டைப் பக்கம் ஒரு மாபெரும் மின்னொளி கபடிப் போட்டிக்குப் போய் நின்று பாருங்கள். சம்பா அறுவடை முடிந்து, பொங்கலுக்குப் பிறகு திருவிழாக் காலம் வரைக்கும் வாரம் ஒரு ஊரில் நடக்கும். பனியனில் ஆட்டக்காரன் பெயரைவிட ஊர்ப் பெயர் பெரிதாக இருக்கும். பாடிப் போகிறவன் ஒரு பாயிண்ட் எடுத்தால் மைக்கில் அவன் பெயர் வராது, ஊர்ப் பெயர்தான் வரும். பக்கத்துப் பக்கத்து ஊர் மோதினால் பெண்கள், தாத்தாக்கள் வரைக்கும் கயிற்றுக்கு வெளியே நெருக்கி நிற்பார்கள். வெளி ஆட்டக்காரனைக் காசு கொடுத்துக் கொண்டுவரக் கூடாது என்று சில ஊர்களில் நோட்டீஸிலேயே "ஆதார் அட்டை அவசியம்" என்று அச்சடிக்கிறார்கள். பில்பாவ் நூறு ஆண்டாகப் பிடித்து வைத்திருக்கிற அதே கொள்கை. 2025-ல் பஹ்ரைனில் நடந்த ஆசிய இளைஞர் விளையாட்டில் கபடித் தங்கம் வென்ற இந்திய அணியில் வடுவூர்ப் பையன் அபினேஷ் இருந்தான். அவன் ஊர் திரும்பியபோது கிடைத்த மரியாதையைப் பார்த்தவர்கள் டெல்டாவில் பற்று இல்லை என்று சொல்ல மாட்டார்கள். அதற்கு முன்னால் 2016-ல், புரோ கபடியில் தமிழ்நாட்டுக்கு அணியே இல்லாதபோது, தஞ்சாவூர் மாவட்டத்துக்காரர் தர்மராஜ் சேரலாதன் பாட்னா பைரேட்ஸ் கேப்டனாகக் கோப்பை வாங்கினார். பீகார் எங்கே இருக்கிறது என்று தெரியாத பெரியவர்கள்கூட அன்றைக்குப் பாட்னா பக்கம்தான். அடுத்த ஆண்டே தமிழ்ப் பெயரோடு ஒரு அணி வந்தது, ஆனால் "நம்ம ஆளுங்க எத்தனை பேரு?" என்ற கேள்வி நம் பக்கத்தில் இன்றுவரை ஓயவில்லை.

சரி, கபடிக்கு இருக்கிற இந்த இடம் ஏன் கால்பந்துக்கு இல்லை? ஒரு காரணம் மண், இதில் எனக்குச் சந்தேகமே இல்லை. கபடிக் களம் 13 மீட்டருக்கு 10 மீட்டர், மூன்று சென்ட் சொச்சம். முழு அளவு கால்பந்து மைதானம் 105-க்கு 68 மீட்டர், ஏறக்குறைய ஒன்றே முக்கால் ஏக்கர், நம் நில அளவைக் கணக்கில் ஐந்து மாவுக்கு மேல். குறுவை, சம்பா, அப்புறம் உளுந்து என்று நிலம் ஓய்வே எடுக்காத ஊரில் ஐந்து மாவைச் சும்மா போட்டுவைக்க யாருக்கு மனம் வரும்? அறுவடை முடிந்த வயலில் தாள்கட்டையைச் செதுக்கிவிட்டுக் கபடிக் கோடு போடலாம், கால்பந்து உருளாது. கோயில் திடலும் பள்ளிக்கூட மைதானமும்தான் மிச்சம். இரண்டாவது காரணம் என் ஊகம், அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள். உலகத்தின் பழைய கால்பந்து கிளப்புகள் பல தொழிற்சாலை வாசலில் பிறந்தவை. மான்செஸ்டர் யுனைடெட் ரயில்வே தொழிலாளிகள் தொடங்கியது, வெஸ்ட் ஹாம் கப்பல் கட்டுகிறவர்கள் தொடங்கியது. நாகப்பட்டினத்தில் பெரிய ரயில்வே பணிமனை ஒன்று இருந்தது. 1920-களின் கடைசியில் அதைத் திருச்சி பொன்மலைக்கு மாற்றிவிட்டார்கள். ஷிஃப்ட் முடிந்து ஆயிரக்கணக்கான ஆண்கள் ஒரே வாசல் வழியாக வெளியே வருகிற இடம் டெல்டாவில் அதற்கப்புறம் பெரிதாக உருவாகவில்லை. அந்தப் பணிமனை நாகையிலேயே இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நான் நினைத்துப் பார்ப்பதுண்டு.

அதற்காக டெல்டாவில் கால்பந்தே இல்லை என்று எழுதிவிடாதீர்கள். அதிராம்பட்டினத்துக்குப் போயிருக்கிறீர்களா? அங்கே தொடர் போட்டி நடக்கும்போது சாயங்காலம் ஊரே மைதானத்தில்தான். பல ஊர் அணிகள் வரும், வெளிநாட்டில் வேலை பார்க்கிற ஊர்க்காரர்கள் போனில் ஸ்கோர் கேட்பார்கள். கடற்கரை ஊர்களில் மணல்வெளி இருக்கிறது, நெல் இல்லை. என் மண் காரணத்துக்கு இதுவும் ஒரு சாட்சி.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். பற்று என்று நாம் பெருமையாகப் பேசுவதில் ஒரு விஷம் இருக்கிறது. "ஊர் டீம்" என்று பனியனில் போட்டிருக்கும், ஆனால் காலனிப் பையனுக்கு அதில் இடம் இருக்காது. அவன் தனி டீம் வைத்துக்கொண்டு, தனிப் பெயரில் வருவான். இருவரும் மோதும் ஆட்டத்துக்கு நடுவராக நிற்பது எவ்வளவு பாரம் என்று நின்றவர்களுக்குத் தெரியும். ஒரு பிடியில் தகராறு வந்தால் அது பிடியைப் பற்றிய தகராறாக இருக்காது. ஸ்காட்லாந்தில் இதற்கு ஒரு பழைய கதை உண்டு. கிளாஸ்கோவில் செல்டிக் என்பது ஏழை அயர்லாந்துக் கத்தோலிக்கர்களுக்காக ஒரு துறவி தொடங்கிய கிளப், ரேஞ்சர்ஸ் புராட்டஸ்டண்ட்களின் கிளப். 1989-ல் மோ ஜான்ஸ்டன் என்ற பெயர்பெற்ற கத்தோலிக்க ஆட்டக்காரரை ரேஞ்சர்ஸ் எடுத்தபோது அவர்களுடைய ரசிகர்களே கழுத்துத் துண்டை எரித்தார்கள். கிளப் பின்வாங்கவில்லை. அந்த ஆளே பிறகு செல்டிக்குக்கு எதிராகக் கோல் போட்டார், அதே ரசிகர்கள் கத்தினார்கள். நம் பக்கத்தில் இதைச் செய்துகாட்டிய ஊர்கள் இருக்கின்றன. இரண்டு தெருப் பையன்களையும் ஒரே பனியனில் இறக்கிய ஊர்களில், கோப்பையோடு திரும்பி வரும் டிராக்டர் எல்லாத் தெருவுக்குள்ளும் போகும். அதைப் பார்ப்பதைவிட எனக்குச் சந்தோஷமான விஷயம் இந்தத் தொழிலில் கிடையாது. அப்படி நடக்காத ஊர்கள் இன்னும் அதிகம், அதையும் மறைக்க விரும்பவில்லை.

கொல்கத்தாவிலேயே 2024 ஆகஸ்டில் ஒன்று நடந்தது. ஆர்.ஜி.கர் மருத்துவமனையில் பெண் டாக்டர் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாகிக் கொல்லப்பட்டதை அடுத்து ஊர் கொதித்துக்கொண்டிருந்தபோது இரண்டு கிளப்புக்கும் இடையே நடக்க வேண்டிய ஆட்டத்தை ரத்து செய்தார்கள். ஆட்டம் இல்லாவிட்டாலும் மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால் ரசிகர்கள் சேர்ந்து மைதானத்துக்கு வெளியே வந்து நின்று நியாயம் கேட்டார்கள். நூறு ஆண்டுப் பகையில் வளர்ந்தவர்களுக்கு ஒன்றுசேரவும் தெரிந்திருந்தது. நம் ஊர்களும் தண்ணீர்ப் பிரச்சினையில் அப்படித்தான் சேருகின்றன. கபடிக்கு ஜென்ம விரோதியான இரண்டு ஊர் ஒரே மதகு வாசலில் நிற்பதை நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

இனி அந்த மெஸ்ஸி பிளெக்ஸும் மஞ்சள் சட்டையும். 2022 உலகக் கோப்பையின்போது கேரளாவில் புல்லாவூர் ஆற்றுக்குள் மெஸ்ஸி, நெய்மார், ரொனால்டோ கட்-அவுட் வைத்தது உலகம் முழுக்கப் போனது. அந்த ஊர்க்காரர்கள் யாரும் அர்ஜென்டினாவுக்குக் குடிபோகவில்லை, தங்கள் ஊரை உலகத்துக்குக் காட்டினார்கள். நம் பையன்கள் கட்டுகிற பிளெக்ஸைக் கொஞ்சம் கீழே வரைக்கும் படியுங்கள். மெஸ்ஸி படத்துக்கு அடியில் தெருப் பெயர் இருக்கும், இருபது பையன்களின் பாஸ்போர்ட் போட்டோ இருக்கும், எதிர்த் தெருவில் ரொனால்டோ இருப்பார். அந்தப் போட்டி இரண்டு தெருவுக்கு நடுவில்தான் நடக்கிறது.

பிளாஸ்டர்ஸ் சட்டை துரோகமா என்று கேட்டீர்கள். இல்லை தம்பி. சென்னையின் அணி ஆடும் மைதானமும் கொச்சி மைதானமும் நமக்கு ஏறக்குறைய ஒரே ராத்திரி பஸ் தூரம். இரண்டிலும் நம் ஆற்றின் பெயரோ நம் ஊரின் பெயரோ இல்லை. கேலரியில் அதிகச் சத்தம் எங்கே கேட்டதோ அங்கே பையன் போகிறான். அவனைத் திட்டுவதற்குப் பதிலாக உங்கள் பள்ளி மைதானத்தில் சனிக்கிழமை சாயங்காலம் ஒரு எழுவர் கால்பந்துப் போட்டி வையுங்கள். முழு மைதானம் வேண்டியதில்லை, பாதி போதும். பனியனில் ஊர்ப் பெயர் போடுங்கள், ஸ்பான்சர் பெயரைப் பின்னால் சின்னதாகப் போடுங்கள், எல்லாத் தெருவிலிருந்தும் பையன்களை எடுங்கள். பெண்பிள்ளைகளுக்கும் ஒரு அணி வையுங்கள். மஞ்சள் சட்டைப் பையனைக் கோல்கீப்பராகக் கூப்பிடுங்கள், கண்டிப்பாக வருவான். விசில் ஊத ஆள் இல்லை என்றால் இங்கேயே எனக்கு எழுதுங்கள், வந்துவிடுகிறேன்.